அம்மா இல்லாத செம்பாக்கம்

யாழ்ப்பாணத்திலிருந்து நாங்கள் மூன்று பேர் வந்தோம். அம்மா, அக்கா, நான். எண்பத்தைந்தாம் வருடம். எனக்கு எட்டு வயது, அக்காவுக்குப் பதினாறு. அப்பா அங்கே ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்கு வாத்தியார். பிள்ளைகளைப் பரீட்சை எழுத வைத்துவிட்டு வருகிறேன் என்று சொல்லி எங்களை மட்டும் படகில் ஏற்றிவிட்டார். அந்தப் பரீட்சை முடிந்தது, அடுத்த பரீட்சையும் வந்தது. அவருக்கு எப்போதும் ஒரு பரீட்சை பாக்கி இருந்தது.

அம்மா ஊரை விட்டதற்குக் காரணம் அக்காதான். தெருவில் ஆமி வண்டி வந்தால் அம்மா அவளைக் கிணற்றுக்கட்டுக்குப் பின்னால் உட்கார வைத்துவிடுவாள். அது ஒரு பயம். அக்காவோடு படித்த இரண்டு பெண்கள் ஒருநாள் சைக்கிளில் பள்ளிக்கூடம் போனார்கள், திரும்பி வரவில்லை. இயக்கத்தில் சேர்ந்துவிட்டார்கள் என்று பிறகு தெரிந்தது. அது இன்னொரு பயம். எந்தப் பக்கம் திரும்பினாலும் மகள் மிஞ்சமாட்டாள் என்று அம்மாவுக்குத் தோன்றியிருக்க வேண்டும்.

ராமேஸ்வரத்தில் இறங்கி, மண்டபம் முகாமில் சில வாரங்கள் இருந்துவிட்டு, அப்பாவின் சொந்தக்காரர் ஒருவர் தயவில் தாம்பரம் வந்தோம். செம்பாக்கம் ஏரிக்குப் பக்கத்தில் ஒரு வீட்டின் பின்போர்ஷன் வாடகைக்குக் கிடைத்தது. வீட்டுக்காரர் ஒரு டீச்சர். கல்யாணம் செய்துகொள்ளாதவர். ஞாயிற்றுக்கிழமை காலையில் வெளுத்த சேலை கட்டிக்கொண்டு, பைபிளை மார்போடு அணைத்தபடி சர்ச்சுக்குப் போவார். மற்ற நாட்களில் பள்ளிக்கூடம், பேப்பர் திருத்துவது, செம்பருத்திச் செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றுவது. அவ்வளவுதான் அவர் வாழ்க்கை என்று நினைத்தோம்.

குடிவந்த மறுநாள் காலை தலைக்கு மேலே விமானம் வந்தது. நான் கையிலிருந்த தட்டைப் போட்டுவிட்டுக் கட்டிலுக்கு அடியில் புகுந்துவிட்டேன். ஊரில் அப்படித்தான் பழக்கம். சத்தம் கேட்டால் தரையோடு தரையாகப் படுத்து, வாயைத் திறந்து வைத்துக்கொண்டு, காதைப் பொத்த வேண்டும். அம்மா கூப்பிட்டும் நான் வெளியே வரவில்லை. சத்தம் கேட்டு டீச்சர் வந்தார். கட்டிலுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து குனிந்து பார்த்தார்.

"அது ஒண்ணும் இல்லம்மா. பக்கத்துலதான் ஏர்ஃபோர்ஸ் இருக்கு. பசங்க ஓட்டக் கத்துக்கறாங்க. தினமும் இப்படித்தான் ஏரியைச் சுத்திச் சுத்தி வருவாங்க."

கற்றுக்கொண்ட பிறகு எங்கே போவார்கள் என்று கேட்டேன். "நீ வெளியில வந்தா ரெண்டு பேரும் சேர்ந்து பார்க்கலாம்" என்றார். நான் வந்தேன். மாடிப்படியில் நின்று பார்த்தோம். ஏரிக்கு மேலே சின்னதாக, கொக்கு போல ஒன்று சாய்ந்து திரும்பியது. அது எதையும் கீழே போடவில்லை. ஆனாலும் அந்த வருடம் முழுவதும் நான் பள்ளிக்கூடத்துக்கு மரநிழல் பார்த்துத்தான் நடந்தேன்.

பேசுவதை நான் 'கதைக்கிறது' என்பேன். பள்ளிக்கூடத்தில் அதைக் கேட்டுப் பிள்ளைகள் சிரித்தார்கள். "கதைக்கிறியா? யாருக்குக் கதை சொல்றே?" என்றார்கள். என் பெயரை விட்டுவிட்டு 'சிலோன்' என்றே கூப்பிட்டார்கள். ஆறு மாதத்துக்குள் நான் அவர்களைப் போலவே பேசக் கற்றுக்கொண்டேன். வெளியில் ஒரு பேச்சு, வாசல்படி தாண்டினால் வேறு பேச்சு. ஒருநாள் மறந்துபோய் அம்மாவிடம், "இன்னாம்மா, சாப்பாடு ரெடியா கீதா?" என்று கேட்டுவிட்டேன். அக்கா சிரிசிரியென்று சிரித்தாள். அம்மா சிரிக்கவில்லை.

"வீட்டுக்குள்ள இந்தக் கதை வேண்டாம் பிள்ளை. கொப்பர் வந்தா உன்னை அடையாளம் தெரியாமப் போகும்." கொப்பர் என்று அவள் சொன்னது அப்பாவை.

எண்பத்தேழு ஆடியில் ஒப்பந்தம் கையெழுத்தானது. சண்டை முடிந்துவிட்டது என்று ரேடியோ சொன்னது. தெருவில் போகிறவர்கள்கூட நின்று, "உங்க ஊர் பிரச்சினை தீர்ந்துடுச்சாமே" என்று சந்தோஷப்பட்டார்கள். அம்மா அன்றைக்கே பெட்டியைக் கீழே இறக்கித் துடைக்கத் தொடங்கினாள். எங்களையும் கூட்டிக்கொண்டு போகப்போகிறாள் என்று நினைத்தேன். ஆனால் அக்காவுக்குப் பிளஸ் டூ பரீட்சை இருந்தது. அது மட்டும் காரணம் இல்லை. போய் ஊர் எப்படி இருக்கிறது என்று பார்த்து, அப்பாவை இங்கே கூட்டி வருவதா எங்களை அங்கே அழைத்துக்கொள்வதா என்று முடிவுசெய்ய ஒரு மாதம் போதும் என்றாள். டீச்சரிடம் போய், பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள முடியுமா என்று கேட்டாள்.

"நீங்க போயிட்டு வாங்க. என் வீட்டுலதானே இருக்காங்க" என்றார் டீச்சர்.

பயணக் காகிதங்கள் கிடைக்கப் புரட்டாசி பிறந்துவிட்டது. தாம்பரம் ஸ்டேஷனில் திருச்சி போகும் பகல் வண்டியில் அம்மா ஏறினாள். திருச்சியிலிருந்து கொழும்புக்கு விமானம், அங்கிருந்து பஸ். ஜன்னல் கம்பிக்கு வெளியே கையை நீட்டி என் தலையைத் தடவினாள். அக்காவிடம், "தங்கச்சியைப் பாத்துக்கொள்" என்றாள். என்னிடம், "அக்காவைக் கரைச்சல் படுத்தாதை" என்றாள். நான் தலையாட்டினேன். என் கவனமெல்லாம் பிளாட்பாரத்தில் விற்றுக்கொண்டிருந்த வேர்க்கடலையில் இருந்தது. வண்டி நகர்ந்த பிறகு அக்கா எனக்கு ஒரு பொட்டலம் வாங்கிக் கொடுத்தாள். அதைத் தின்றுகொண்டே வீட்டுக்கு வந்தேன்.

அந்தப் புரட்டாசி முடிவதற்குள் அங்கே மறுபடி சண்டை மூண்டது. இந்த முறை இந்திய ராணுவத்துக்கும் இயக்கத்துக்கும். காலையில் டீச்சர் பேப்பரை மடித்து வைத்துக்கொண்டு எங்கள் கதவருகே நிற்பார். அதை நீட்டவும் மாட்டார், எடுத்துப் போகவும் மாட்டார். அக்காவே வாங்கிப் படிப்பாள். எங்கள் தெருவிலிருந்து நடக்கிற தூரத்தில் இருந்த சந்திகளின் பெயரெல்லாம் அதில் வந்தன. சென்னைப் பேப்பரில் எங்கள் ஊர்ச் சந்தியின் பெயர் தப்பும் தவறுமாக அச்சாகியிருப்பதைப் பார்க்க ஒரு மாதிரியாக இருந்தது. கடிதப் போக்குவரத்து நின்றுபோனது. போன் கிடையாது. அம்மா போய்ச் சேர்ந்தாளா என்பதே தெரியவில்லை.

எதிர்வீட்டு அக்காவுக்கு அப்போது கைக்குழந்தை. அவள் புருஷன் ராணுவத்தில் லாரி டிரைவர். ஒருநாள் அடிபம்பில் தண்ணீர் அடித்துக்கொண்டிருந்தபோது அவள் அக்காவிடம் வந்து மெதுவாகச் சொன்னாள்.

"இன்னாம்மா, உன்னாண்ட சொல்லக் கூடாதுன்னுதான் இருந்தேன். எங்க வூட்டுக்காரரும் உங்க ஊர்லதான் கீறாரு. ஒரு சேதியும் இல்ல."

அக்கா பம்பின் கைப்பிடியை விட்டுவிட்டாள். பிறகு அக்கா அவள் குடத்தையும் சேர்த்து நிரப்பிக் கொடுத்தாள்.

அதற்குப் பிறகு தபால்காரர் வரும் நேரத்துக்கு இருவரும் அவரவர் வாசலில் நிற்பார்கள். ஒருத்தியின் அம்மாவும் மற்றவளின் புருஷனும் ஒரே ஊரில் இருந்தார்கள். அவர் கையில் துப்பாக்கி இருந்தது, அம்மா எந்தச் சுவருக்குப் பின்னால் ஒதுங்கியிருந்தாளோ தெரியாது. இதைப் பற்றி அவர்கள் ஒருநாளும் பேசிக்கொள்ளவில்லை. தபால்காரர் சைக்கிளை நிறுத்தாமல் போனால், "இன்னிக்கும் இல்ல" என்று அவள் சொல்வாள். "ஓம், இல்லை" என்று அக்கா சொல்வாள்.

அவள் புருஷன் அடுத்த கோடையில் லீவில் வந்தார். மெலிந்து, முகம் கறுத்து, வாசலில் ஸ்டூல் போட்டுச் சும்மா உட்கார்ந்திருப்பார். அக்கா இரண்டு நாள் பொறுத்துப் பார்த்தாள். மூன்றாம் நாள் என் கையைப் பிடித்துக்கொண்டு போய் அவர் முன்னால் நின்றாள். எங்கள் ஊர்ப் பெயரையும் தெருவுக்கு வழியையும் சொன்னாள்.

"அண்ணா, அந்தப் பக்கம் போனீங்களா?"

"வண்டி ஓட்டிக்கினு போயிருக்கேம்மா. எல்லாக் கதவும் சாத்திதான் கீது."

"ஒருத்தரையும் காணேல்லையா?"

"ஒரு தபா தண்ணி கேட்டேன். ஒரு அம்மா கதவைப் பாதி திறந்து செம்பை வெளியில வச்சாங்க. மூஞ்சியைக் காட்டல."

"என்ன நிறச் சேலை?"

"பாக்கலம்மா. கை மட்டும்தான் தெரிஞ்சுது." பிறகு அவராகவே சொன்னார். "அங்க எல்லாரும் தமிழ்லதான் பேசறாங்க. பயந்துபோய் கத்தறதும் தமிழ்லதான். அதான் என்னால தாங்க முடியல."

வீட்டுக்கு வந்ததும் அக்கா கேட்டாள். "அம்மான்ர கையில வளையல் எத்தினை கிடந்தது? உனக்கு ஞாபகம் இருக்கோ?" எனக்கு ஞாபகம் இல்லை. அவளுக்கும் இல்லை. அதை நினைத்து அவள் அழுதாள். அம்மா போன பிறகு அக்கா அழுது நான் பார்த்தது அதுதான் முதல் தடவை.

அந்தக் கோடை முடிந்ததும் அவள் வேலைக்குப் போகத் தொடங்கினாள். பிளஸ் டூவில் நல்ல மார்க். காலேஜில் சேர், நான் பார்த்துக்கொள்கிறேன் என்று டீச்சர் எவ்வளவோ சொன்னார். அக்கா கேட்கவில்லை. சானடோரியம் பக்கம் வெளிநாட்டுக்குச் சட்டை தைத்து அனுப்பும் கம்பெனி ஒன்றில் காலர் வைக்கும் வேலையில் சேர்ந்தாள். சாயங்காலம் அவள் தலையில் நூல்துண்டுகள் ஒட்டியிருக்கும். நான் ஒவ்வொன்றாக எடுப்பேன். ஒருநாள் நீலம், ஒருநாள் வெள்ளை. அன்றைக்கு என்ன நிறச் சட்டை தைத்தாள் என்று அதைப் பார்த்தே சொல்லிவிடுவேன். அவள் என் வீட்டுப்பாடத்தைப் பார்த்துக்கொண்டே தூங்கிப்போவாள்.

அந்த வருடக் கடைசியில் டீச்சரின் சர்ச்சுக்கு யாழ்ப்பாணத்திலிருந்து ஒரு பாதிரியார் வந்தார். டீச்சர் அவரை நேராக எங்கள் வீட்டுக்கே கூட்டி வந்துவிட்டார். அம்மா உயிரோடு இருந்தாள். அப்பாவும் இருந்தார். ஆனால் அப்பாவுக்குப் பாரிசவாதம் வந்து ஒரு பக்கம் முழுவதும் விழுந்துவிட்டது. அம்மா சொல்லச் சொன்னதைப் பாதிரியார் அப்படியே சொன்னார்.

"அவரைத் தூக்கிக்கொண்டு கடல் கடக்க ஏலாது. விட்டிட்டு வரவும் ஏலாது. பிள்ளையள் என்னைக் கோவிக்க வேண்டாம் எண்டு சொல்லுங்கோ."

அக்கா உடனே, "கோவமில்லை எண்டு சொல்லுங்கோ" என்றாள். பாதிரியார் என்னையும் பார்த்தார். எனக்குக் கோபம் இருந்தது. எங்களைவிட அப்பா பெரிதாகிவிட்டாரா என்ற கோபம். படுக்கையில் கிடக்கும் அப்பாமீதே கோபம். பள்ளிக்கூடத்தில் மழை பெய்யும்போது குடையோடு வந்து நிற்கும் அம்மாக்கள் எல்லார் மீதும் கோபம். என் அம்மாவின் முகம் அதற்குள் எனக்கு மங்கத் தொடங்கியிருந்தது. குரல் மட்டும் இருந்தது. தனியாக இருக்கும்போது அந்தக் குரலில் என்னை நானே கூப்பிட்டுப் பார்ப்பேன்.

எனக்குப் பன்னிரண்டு வயதில் நான் பெரியவளானபோது அக்கா கம்பெனியில் இருந்தாள். டீச்சர்தான் என்னை உட்கார வைத்து, வெந்நீர் போட்டு, சேதி சொல்லி அனுப்பினார். அக்கா ஓடி வந்தாள். எங்கள் ஊர் முறைப்படி எல்லாம் செய்ய வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தாள். நல்லெண்ணெய்க்குப் போனாள், உளுத்தம்மாவுக்குப் போனாள், அறுகம்புல் தேடி ஏரிக்கரை முழுக்க நடந்தாள். எதிர்வீட்டு அக்கா தலையில் வைக்க ஒரு கூடை மல்லிகைப்பூ கொண்டுவந்தாள். டீச்சர் பெட்டியிலிருந்து கருநீலப் பட்டு ஒன்றை எடுத்துக் கொடுத்தார். அதை அவர் தனக்காக எப்போது வாங்கினார், ஏன் கட்டவில்லை என்று யாரும் கேட்கவில்லை.

தண்ணீர் வார்க்கும் நேரத்தில் அக்காவைக் காணவில்லை. போய்ப் பார்த்தால் சமையலறையில் களிச் சட்டிக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தாள்.

"எனக்கு அம்மா எப்பிடிச் செய்தவ எண்டு ஞாபகம் வருதில்லை. முதல் தலையில பால் வைக்கிறதோ, முதல் தண்ணி வார்க்கிறதோ?"

"எப்படிச் செஞ்சாலும் சரிக்கா."

"உனக்குச் சரி. அம்மா கேட்டா நான் என்ன சொல்ல?"

டீச்சர் உள்ளே வந்து கரண்டியை வாங்கினார். "அவங்க வந்து கேட்டா நான் சொல்லிக்கறேன்" என்றார்.

அம்மா தொண்ணூறாம் வருடம் வந்தாள். அப்பா அந்தத் தையில் இறந்துபோனார். இந்திய ராணுவம் திரும்பிப் போய், மூன்று மாதம்கூட ஆறுதலாக இருக்கவில்லை, சண்டை மறுபடி தொடங்கியது. அம்மா தனியாகப் படகேறி ராமேஸ்வரம் வந்தாள். மண்டபத்திலிருந்து தந்தி வந்ததும் அக்கா போய்க் கூட்டி வந்தாள். நான் வீட்டைக் கழுவி, கோலம் போட்டு, டீச்சர் வீட்டுச் செம்பருத்தியை ஒரு தம்ளரில் வைத்துவிட்டு வாசலிலேயே நின்றேன். வந்ததும் ஓடிப்போய்க் கட்டிக்கொள்ள வேண்டும் என்று எத்தனையோ தடவை மனதுக்குள் நடத்திப் பார்த்திருந்தேன்.

ஆட்டோவிலிருந்து இறங்கியது என் அம்மாவைப் போல ஒரு கிழவி. நெற்றி வெறுமையாக இருந்தது.

"வாங்கம்மா. நல்லா இருக்கீங்களா?" என்றேன். வீட்டுக்கு வந்த விருந்தாளியிடம் கேட்பதுபோல.

அம்மா என்னைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தாள். "வளந்திட்டாய்" என்றாள். அக்காதான் எங்கள் இருவரின் தோளையும் பிடித்து உள்ளே தள்ளினாள்.

பிறகும் அப்படியேதான் இருந்தோம். பசித்தால் அக்காவைக் கேட்டேன். பள்ளிக்கூடத்தில் கையெழுத்து வேண்டுமென்றால் அக்காவிடம் நீட்டினேன். அம்மா வைத்த தேங்காய்ப்பால் சொதியில் உறைப்புக் கூட என்று சொன்னேன். அவள் மறுநாள் பச்சை மிளகாயைக் குறைத்து வைத்தாள், அதுவும் எனக்குப் பிடிக்கவில்லை. ஒருமுறை காய்ச்சலில் படுத்திருந்தேன். மதியம், அக்கா வேலைக்குப் போயிருந்தாள். என் நெற்றியில் ஈரத்துணி போட்ட கையைப் பிடித்துக்கொண்டு நான் அக்கா, அக்கா என்று கூப்பிட்டிருக்கிறேன். கண் விழித்தபோது அந்தக் கை அம்மாவுடையது. அவள் கையை எடுக்கவில்லை. "அக்கா பின்னேரம் வந்திடுவா" என்றாள்.

மறுவருடம் மே மாதம் முன்னாள் பிரதமர் கொல்லப்பட்ட பிறகு, எங்களைப் போன்றவர்களுக்கு வெளியில் தலைகாட்ட முடியாமல் போயிற்று. வாடகைக்கு இருந்தவர்கள் பலரைக் காலி செய்யச் சொன்னார்கள். போலீஸ் ஸ்டேஷனில் போய்ப் பதிந்துகொள்ள வேண்டும் என்றார்கள். தெருக்காரர்கள் சிலர் வந்து டீச்சரிடம் பேசினார்கள். அவர் கேட்டைத் திறக்காமலே பதில் சொன்னார்.

"ஆறு வருஷமா என் வீட்ல இருக்கிற பொண்ணுங்க. எனக்குத் தெரியாததா உங்களுக்குத் தெரியும்?"

ஸ்டேஷனுக்கும் அவரே அம்மாவோடு வந்தார். பெஞ்சில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். எதிர்வீட்டு அக்கா சில வாரங்கள் எங்களைப் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அவளுக்கும் பயம் இருந்திருக்கும். பிறகு ஒருநாள் காலை பம்படிக்குக் குடத்தோடு வந்து, எதுவும் நடக்காததுபோல, "இன்னா, தண்ணி வருதா?" என்று கேட்டாள். அக்கா, "வருது" என்றாள்.

தொண்ணூற்று நான்கில் அக்காவுக்குக் கனடாவில் மாப்பிள்ளை அமைந்தது. அப்பாவின் வழியில் தூரத்துச் சொந்தம். கல்யாணம் இங்கே நடந்தது, விசா பிறகு வந்தது. மீனம்பாக்கத்தில் உள்ளே விடமாட்டார்கள், கம்பிக்கு வெளியிலேயே நிற்க வேண்டும். அக்கா பெட்டி வண்டியைத் தள்ளிக்கொண்டு போனாள். கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம் போனதும் ஒருமுறை திரும்பினாள். எனக்குப் பதினேழு வயது. நான் கம்பியைப் பிடித்துக்கொண்டு சின்னப் பிள்ளைபோல ஓங்கி அழுதேன். போகிறவர்கள் வருகிறவர்கள் எல்லாம் நின்று பார்த்தார்கள். அம்மா என்னைத் தேற்றவில்லை. பக்கத்திலேயே நின்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

திரும்பும்போது திரிசூலத்தில் மின்சார ரயில் ஏறினோம். மத்தியானம் என்பதால் பெட்டியில் கூட்டம் இல்லை. பல்லாவரம் தாண்டிய பிறகு அம்மா கேட்டாள்.

"நான் போன அண்டைக்கும் இப்பிடித்தான் அழுதனியோ?"

"இல்லை."

"ஏன்?"

"நீங்க ஒரு மாசத்தில வந்திருவீங்க எண்டு நினைச்சன்."

வெகுகாலத்துக்குப் பிறகு என் வாயிலிருந்து 'எண்டு' வந்தது. நானே கவனிக்கவில்லை. அம்மா கவனித்தாள் என்று நினைக்கிறேன். முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். குரோம்பேட்டை வந்து போனது.

"அண்டைக்கு இரவு என்ன சாப்பிட்டனீங்கள்?"

யோசித்துப் பார்த்தேன். "டீச்சர் தோசை தந்தவ. அக்கா சாப்பிடேல்லை. எனக்கு ஊட்டி விட்டவ."

"அடுத்த நாள்?"

"அக்கா சோறு வச்சவ. குழைஞ்சு போச்சு."

"பிறகு?"

நான்கு வருடமாக ஒரே அறையில் படுத்தும் அவள் இவற்றைக் கேட்டதில்லை. நானும் சொன்னதில்லை. கேட்கும் உரிமை தனக்கு இல்லை என்று அவள் நினைத்திருக்கலாம். அக்கா வீட்டில் இருந்தவரை எங்களுக்கு நடுவில் பேச்சைக் கடத்திக்கொண்டே இருந்தாள், அதனால் நாங்கள் நேராகப் பேசவே தேவைப்படவில்லை. தாம்பரத்தில் இறங்கி, பாலத்தில் ஏறி, கிழக்குப் பக்கம் பஸ்ஸுக்கு நிற்கும்போதும் நான் சொல்லிக்கொண்டிருந்தேன். நூல்துண்டுகளைச் சொன்னேன். எதிர்வீட்டு அண்ணன் பார்த்த அந்தக் கையைச் சொன்னேன்.

"அது நீங்களா அம்மா?"

"எத்தினையோ பேருக்குத் தண்ணி குடுத்தனான் பிள்ளை. ஆர் எவர் எண்டு பாக்கேல்லை. கதவைத் திறக்கப் பயம், குடுக்காம விடவும் மனமில்லை."

பஸ் வந்தது. உட்கார இடம் கிடைத்தது. கேம்ப் ரோடு வரும்வரை அம்மா அப்பாவின் கடைசி மாதங்களைப் பற்றிச் சொன்னாள். வலது கை விழுந்த பிறகும் இடது கையால் சிலேட்டில் கணக்குப் போட்டுப் பார்ப்பாராம். சின்னவளுக்குக் கணக்கு வருமோ என்று கேட்பாராம். வரும் என்று அம்மா சொல்லிவைத்தாளாம்.

"உனக்குக் கணக்கு வருமோ?" என்று என்னிடம் கேட்டாள்.

"சுமாரா வரும்" என்றேன்.